வாரம் நூறு மாதிரி போதும், ஆனால் ஒரு வாரமும் விடக் கூடாது

பெறுநர்: இயக்குநர், பொது சுகாதாரம் மற்றும் நோய்த் தடுப்பு மருந்துத் துறை, சென்னை, அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளின் டீன்கள், மாவட்ட சுகாதார அலுவலர்கள்.

பொருள்: ஃப்ளூ மற்றும் பிற சுவாச வைரஸ்களுக்கு ஆண்டு முழுவதும் நடக்கும் சென்டினல் கண்காணிப்பு (தேர்ந்தெடுத்த சில மருத்துவமனைகளில் மட்டும் ஒழுங்காக மாதிரி எடுத்துச் சோதிப்பது) வேண்டி.

மதிப்பிற்குரியவர்களுக்கு வணக்கம்.

ஒவ்வோர் ஆண்டும் பிப்ரவரிப் பிற்பகுதியில் உலக சுகாதார நிறுவனம் கூட்டும் நிபுணர் குழு, அடுத்த பருவத்துக்கான ஃப்ளூ தடுப்பூசியில் எந்தெந்த வைரஸ்கள் இருக்க வேண்டும் என்று முடிவு செய்கிறது. இது வடகோளத்துக்கு. தென்கோளத்துக்கு இதே வேலை செப்டம்பரில் நடக்கும். பிப்ரவரி முடிவில் தமிழ்நாட்டு வைரஸுக்கும் ஒரு குரல் இருக்க வேண்டுமானால், முந்தைய அக்டோபரிலேயே நம் ஓ.பி.யில் யாராவது ஒருவர் ஒழுங்காக ஒரு ஸ்வாப் எடுத்திருக்க வேண்டும்.

கணக்கைப் பின்னாலிருந்து போட்டுப் பாருங்கள். பிப்ரவரிக் கூட்டத்துக்கு முன்பு லண்டன், மெல்போர்ன், டோக்கியோ போன்ற ஊர்களில் உள்ள உலக சுகாதார நிறுவனத்தின் ஒத்துழைப்பு மையங்கள் தங்களுக்கு வந்த வைரஸ்களை வளர்த்து, ஃபெரட் என்ற விலங்கின் நோய் எதிர்ப்புச் சீரத்தோடு வைத்து, இப்போதைய தடுப்பூசி இவற்றைப் பிடிக்கிறதா என்று சோதிக்க வேண்டும். அதற்கே சில வாரங்கள் போய்விடும். ஆகவே ஜனவரி நடுவுக்குள் வைரஸ் அங்கே இருக்க வேண்டும். அதற்கு முன் புனேயில் உள்ள தேசிய வைராலஜி நிறுவனம் அதை வளர்த்தெடுக்க வேண்டும். ஆய்வகத்தில் ஃப்ளூ வைரஸை வளர்க்கப் பயன்படும் எம்.டி.சி.கே. செல்களில் ஒருமுறை வளர்க்கவே மூன்று முதல் ஏழு நாள் ஆகும். முதல் முறை வளராவிட்டால் இன்னொரு சுற்று. அனுப்பும் அனுமதி, பார்சல், சுங்கம் என்று மேலும் நாட்கள். இப்படி எண்ணிக்கொண்டே வந்தால், மாதிரி நம் மாநிலத்தை விட்டு டிசம்பர் முதல் வாரத்துக்குள் கிளம்பியிருக்க வேண்டும் என்று விடை வரும்.

தமிழ்நாட்டில் ஃப்ளூ உச்சத்துக்குப் போவது வடகிழக்குப் பருவமழையோடு, அக்டோபரிலிருந்து டிசம்பருக்குள். டெல்லி, புனே, கொல்கத்தாவில் ஜூலை முதல் செப்டம்பர் வரை. ஸ்ரீநகரில் ஜனவரிக்கு மேல். அதாவது பிப்ரவரிக் கூட்டத்துக்குச் சற்று முன்பாக, சூடு ஆறாத வைரஸ் இந்தியாவில் கிடைக்கும் இடங்களில் நம் மாநிலம் முக்கியமானது. ஆனால் நவம்பர் நடுவில் பத்திரிகையில் ‘மர்மக் காய்ச்சல்’ என்று செய்தி வந்து, அதன்பின் காய்ச்சல் முகாம் போட்டு, அதற்கும் பின் மாதிரி எடுக்கத் தொடங்கினால் இந்த வாய்ப்பு அந்த ஆண்டுக்குக் கைநழுவிவிடும்.

இது ஏட்டுக் கவலை இல்லை. 2025-26 வடகோளப் பருவத்துக்கான தடுப்பூசி 2025 பிப்ரவரியில் முடிவானது. அதற்குப் பிறகுதான் ஏ வகை ஃப்ளூவின் துணைவகையான எச்3என்2 வைரஸின் ‘கே’ உட்கிளை மேலெழுந்து, ஜப்பானிலும் பிரிட்டனிலும் ஃப்ளூ பருவத்தை வழக்கத்தைவிட முன்னதாகவே தொடங்கிவைத்தது. வைரஸ் மாறும் வேகத்தை யாரும் கட்டுப்படுத்த முடியாது. அது மாறியதை நாம் எத்தனை வாரம் தாமதமாகத் தெரிந்துகொள்கிறோம் என்பது மட்டும் நம் கையில் இருக்கிறது.

இப்படி ஃப்ளூ வைரஸ்களைச் சேகரித்துச் சோதிக்கும் உலகளாவிய வலையமைப்பு 1952இல் தொடங்கியது. இன்று 120க்கும் மேற்பட்ட நாடுகளில் தேசிய இன்ஃபுளுயன்சா மையங்கள் இருக்கின்றன. அவற்றுக்கு மேலே லண்டன், அட்லாண்டா, மெல்போர்ன், டோக்கியோ, பெய்ஜிங் ஆகிய ஊர்களில் ஒத்துழைப்பு மையங்கள். விலங்குகளின் ஃப்ளூவுக்கு மெம்ஃபிஸில் ஒன்று. அட்லாண்டா மையம் அமெரிக்க அரசினுடையது. 2025 ஜனவரியில் அமெரிக்கா உலக சுகாதார நிறுவனத்தை விட்டு விலகுவதாக அறிவித்தது. பெரிய தூண் ஒன்று ஆட்டம் காணும்போது மற்ற நாடுகள் தரும் மாதிரிகளுக்கு மதிப்பு கூடுமே தவிரக் குறையாது.

இன்னொன்றையும் இங்கே நினைவூட்டலாம். 1957இல் ஆசிய ஃப்ளூ இந்தியாவுக்குள் நுழைந்தது சென்னைத் துறைமுகம் வழியாக, சிங்கப்பூரிலிருந்து மே மாதம் வந்த கப்பல் பயணிகளோடு. அப்போது இந்தியாவின் இன்ஃபுளுயன்சா மையம் இயங்கியது குன்னூர் பாஸ்டர் நிலையத்தில். இந்த வேலை தமிழ்நாட்டுக்குப் புதிதல்ல.

இனி, செய்ய வேண்டியவை. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் (ஐ.சி.எம்.ஆர்.) வி.ஆர்.டி.எல். எனும் வைரஸ் ஆய்வகங்கள் ஏற்கெனவே சுவாச மாதிரிகளைச் சோதிக்கின்றன. மத்திய அரசின் நோய்ப் பதிவு இணையதளமான ஐ.எச்.ஐ.பி.யில் பதிவுகள் ஏறுகின்றன. கிண்டி கிங் நிலையம் இருக்கிறது. தேனாம்பேட்டையில் மரபணு வரிசையாக்க ஆய்வகம் இருக்கிறது. கோவிட் காலத்தில் வந்த பி.சி.ஆர். கருவிகள் மாவட்டந்தோறும் இருக்கின்றன. கருவி வாங்கித் தாருங்கள் என்று கேட்க நாங்கள் இந்த மடலை எழுதவில்லை.

எங்கள் முதல் குறை எண்களைப் பற்றியது. ‘மாநிலத்தில் இதுவரை எச்1என்1 பாதிப்பு இத்தனை, இறப்பு இத்தனை’ என்று நாடு முழுவதும் ஒரே மாதிரி அட்டவணை வெளிவருகிறது. இதில் தொகுதி இருக்கிறது, பகுதி இல்லை. எத்தனை பேரைச் சோதித்ததில் இத்தனை? போன வாரம் 200 பேரைச் சோதித்து 20 பாசிட்டிவ், இந்த வாரம் 600 பேரைச் சோதித்து 40 பாசிட்டிவ் என்றால், எண்ணிக்கை இரண்டு மடங்காகியிருக்கிறது. விகிதமோ பத்து சதவீதத்திலிருந்து ஏழுக்கு இறங்கியிருக்கிறது. தலைப்புச் செய்தி ஒன்று சொல்லும், நோய் வேறொன்று செய்துகொண்டிருக்கும்.

அதற்கும் மேல், மத்திய அரசின் வழிகாட்டுதல் நோயின் தீவிரத்தைப் பொறுத்து நோயாளிகளை ஏ, பி, சி என்று பிரிக்கிறது. அதன்படி ஏ, பி பிரிவினருக்குச் சோதனை தேவையில்லை. சி பிரிவுக்கு, அதாவது உள்நோயாளியாகச் சேர்க்க வேண்டிய தீவிர நிலைக்கு மட்டுமே சோதனை. சிகிச்சைக்கு அது சரியான விதி. காய்ச்சலோடு வருகிற எல்லாருக்கும் பி.சி.ஆர். போடச் சொல்வது பணத்தை ஆற்றில் விடுவதுதான். ஆனால் சிகிச்சைக்காக எடுத்த சோதனையின் எண்ணிக்கையைக் கண்காணிப்பு என்று காட்டும்போதுதான் சிக்கல். அங்கே தீவிர நோயாளிகள் மட்டுமே தெரிவார்கள். எச்1என்1 மட்டுமே தேடியிருந்தால் எச்3என்2வும் பி வகை ஃப்ளூ வைரஸும் மறைந்துபோகும். 2023 மார்ச்சில் எச்3என்2 திடீரென்று ஊர்ப் பேச்சானபோது, இது வழக்கமான அளவா, கூடுதலா என்று ஒப்பிட்டுச் சொல்ல முந்தைய ஆண்டுகளின் வாராந்திர விகிதம் தேவைப்பட்டது. அப்படிப்பட்ட அடிப்படை அளவு ஒரே ஆண்டில் உருவாகாது. மூன்று நான்கு ஆண்டுகளாவது விடாமல் சேர்க்க வேண்டும்.

எத்தனை மாதிரி வேண்டும்? பத்துப் பேரைச் சோதித்து இரண்டு பாசிட்டிவ் என்றால் 20 சதவீதம். ஆனால் அந்த 20க்குப் பின்னால் உண்மையான விகிதம் 3 சதவீதமாகவும் இருக்கலாம், 55 ஆகவும் இருக்கலாம். நூறு பேரில் இருபது என்றால் அதே 20 சதவீதம் 13க்கும் 29க்கும் இடையே அடங்கிவிடும். வாரம் நூறுதான் ஒரு மாநிலத்துக்கு நாங்கள் கேட்கும் அளவு. ஐந்து மையங்கள், ஒவ்வொன்றிலும் பத்து வெளிநோயாளிகள், பத்து உள்நோயாளிகள். சென்னையில் பெரியவர்களுக்கு ஒரு மருத்துவமனை, எழும்பூர் குழந்தைகள் மருத்துவமனை, மதுரை, கோவை, திருநெல்வேலி. ஆண்டுக்கு 5,200 மாதிரி. கோவிட் உச்சத்தில் இந்த மாநிலம் ஒரே நாளில் இதைப் போலப் பல மடங்கு பார்த்திருக்கிறது. ஐம்பது மையங்களைத் திறந்துவைத்து மூன்று மாதத்தில் பாதி ஓய்ந்துபோவதைவிட ஐந்து மையங்கள் 52 வாரமும் ஓடுவது மேல். இதில் எங்களுக்குள் இரண்டாம் கருத்து இல்லை.

யாரை எடுப்பது என்பதில்தான் அதிகம் சறுக்குகிறது. உலக சுகாதார நிறுவனத்தின் வரையறை எளிமையானது. ஃப்ளூ போன்ற நோய் என்றால் 38 டிகிரி செல்சியஸ் அல்லது அதற்கு மேல் காய்ச்சல், கூடவே இருமல், தொடங்கிப் பத்து நாளுக்குள். தீவிர சுவாசத் தொற்று என்றால் காய்ச்சல் அடித்ததாகச் சொன்னாலும் போதும், இருமல், பத்து நாளுக்குள் தொடக்கம், மருத்துவமனையில் சேர்க்க வேண்டிய நிலை. நடைமுறையில் என்ன ஆகிறது? நம் ஊரில் பாராசிட்டமால் போடாமல் யாரும் மருத்துவமனைக்கு வருவதில்லை. தெர்மாமீட்டரில் 37.2 காட்டும். அவரை விட்டுவிடுவதா சேர்ப்பதா என்று ஒவ்வொரு பயிற்சி மருத்துவரும் ஒவ்வொரு விதமாக முடிவெடுத்தால் வாரத்துக்கு வாரம் ஒப்பிட முடியாது. வரையறையை வளைக்காதீர்கள். ‘கடந்த ஆறு மணி நேரத்தில் காய்ச்சல் மாத்திரை போட்டாரா’ என்று படிவத்தில் ஒரு கட்டம் சேர்த்து, அப்படிப்பட்டவர்களைத் தனியாக எண்ணுங்கள்.

ஆறு மாதத்துக்கு உட்பட்ட கைக்குழந்தைகள் வேறு கதை. கைக்குழந்தைகளைத் தீவிரமாகத் தாக்கும் சுவாச வைரஸான ஆர்.எஸ்.வி. தாக்கிய குழந்தைக்குக் காய்ச்சலே இல்லாமல் போகலாம். மூச்சு விட்டுவிட்டு நிற்பது மட்டுமே அறிகுறியாக இருக்கலாம். ஆகவே ஆர்.எஸ்.வி. கண்காணிப்பில் காய்ச்சல் நிபந்தனையை எடுத்துவிட்டு, மூச்சு நிற்றலையும் செப்சிஸையும் (தொற்றால் உடல் முழுதும் பாதிக்கப்படும் ஆபத்தான நிலை) சேர்த்த விரிவான வரையறையைப் பயன்படுத்துகிறார்கள். எழும்பூரில் இந்த விரிவான வரையறையே வேண்டும். பழைய வரையறையோடு நடத்தினால் ஆர்.எஸ்.வி.யின் பெரும்பகுதி வலையில் விழாது.

தேர்வு முறை: வாரத்தில் இரண்டு நாளைக் குறித்துக்கொண்டு, அந்த நாட்களில் வரையறைக்குள் வரும் வெளிநோயாளிகளில் முதல் ஐந்து பேரையும் உள்நோயாளிகளில் முதல் ஐந்து பேரையும் எடுப்பது. திங்களும் செவ்வாயும் எங்கள் தேர்வு. வெள்ளிக்கிழமை எடுத்த ஸ்வாப் சனி ஞாயிறு முழுக்கக் குளிர்பெட்டியில் கிடந்து திங்கள் மதியம் ஆய்வகம் போவதை எல்லா மாவட்டத்திலும் பார்க்கலாம். யார் மிகவும் நோய்வாய்ப்பட்டுத் தெரிகிறாரோ அவரை எடுப்பது, தெரிந்தவரின் உறவினரை எடுப்பது, மதியத்துக்கு மேல் வேலை குறைந்ததும் மொத்தமாக எடுப்பது எல்லாமே விகிதத்தைக் கெடுக்கும். அந்த வாரம் மொத்த ஓ.பி. எத்தனை, அதில் வரையறைக்குள் வந்தவர்கள் எத்தனை, வயது வாரியாக எத்தனை என்ற எண்கள் இல்லாவிட்டால் ஸ்வாப் மட்டும் இருந்து பயனில்லை. வயதுப் பிரிவுகளை 2க்குக் கீழ், 2 முதல் 4, 5 முதல் 14, 15 முதல் 49, 50 முதல் 64, 65ம் அதற்கு மேலும் என்று வையுங்கள். உலக அளவில் ஒப்பிட இவையே உதவும்.

நம் ஊருக்கே உரிய இடையூறு ஒன்று உண்டு. டெங்குவும் ஃப்ளூவும் ஒரே மழைக்காலத்தில் வருகின்றன. காய்ச்சல் வார்டில் முதலில் டெங்குவுக்கான என்.எஸ்.1 சோதனை போடுகிறார்கள். நெகட்டிவ் என்றதும் நிம்மதியாக வீட்டுக்கு அனுப்புகிறார்கள். சுவாச மாதிரி எடுக்க யாருக்கும் தோன்றுவதில்லை. தட்டணு குறைந்திருப்பவருக்கு மூக்கின் உள்ளே ஸ்வாப் விட்டால் ரத்தம் கசியும் ஆபத்து உண்டு என்பதும் உண்மை. அவர்களுக்குத் தொண்டை ஸ்வாப் மட்டும் எடுத்து, படிவத்தில் அதைக் குறித்தால் போதும்.

ஸ்வாப் எடுப்பது எல்லாருக்கும் தெரிந்த வேலை என்று கோவிட் நம்மை நம்பவைத்துவிட்டது. மூக்கின் நுனியில் இரண்டு சுற்றுச் சுற்றி எடுப்பதைப் பழக்கமாக்கிவிட்டதும் அதே கோவிட்தான். நாசித்தொண்டை மாதிரிக்குத் தலையைச் சற்றுப் பின்னால் சாய்த்து, ஸ்வாப்பை மேல்நோக்கி அல்ல, மூக்கின் அடித்தளத்தை ஒட்டிக் காதை நோக்கி நேராக விட வேண்டும். நாசித் துவாரத்துக்கும் காதுக்கும் உள்ள தூரத்தில் ஏறக்குறையப் பாதி போனதும் ஒரு தடை தட்டுப்படும். அங்கே சில விநாடி வைத்து, மெல்லச் சுழற்றி எடுக்க வேண்டும். பிறகு இன்னொரு ஸ்வாப்பில் இரண்டு டான்சில்களையும் பின்தொண்டையையும் தேய்த்து, நாக்கில் படாமல் வெளியே எடுத்து, இரண்டையும் ஒரே வி.டி.எம். குழாயில் (வைரஸைக் கெடாமல் எடுத்துச்செல்லும் திரவம் உள்ள குழாய்) போட்டால் வைரஸ் கிடைக்கும் வாய்ப்பு கூடும். குச்சி பிளாஸ்டிக், முனை நைலான் அல்லது பாலியஸ்டர். மரக்குச்சியும் கால்சியம் ஆல்ஜினேட் முனையும் பி.சி.ஆரையே தடுத்துவிடும். அறிகுறி தொடங்கி நான்கு நாளுக்குள் எடுத்தால் நல்லது. வெளிநோயாளிகளில் ஏழு நாளைத் தாண்டினால் எடுக்காதீர்கள். நெகட்டிவ் எண்ணிக்கையைப் பெருக்குவதுதான் மிச்சம்.

வி.டி.எம். வாங்கும்போது ஒரு விஷயம் கவனிக்க வேண்டும். கோவிட் காலத்தில் கடைக்கு வந்த பல குழாய்களில் இருப்பது வைரஸை அங்கேயே செயலிழக்கச் செய்யும் திரவம். ஆய்வக ஊழியருக்குப் பாதுகாப்பு, பி.சி.ஆருக்கும் போதும். ஆனால் அதில் போட்ட வைரஸ் செத்த வைரஸ். புனேயில் அதை வளர்க்க முடியாது, வெளிநாட்டு மையத்துக்கு அனுப்பி எந்தப் பயனும் இல்லை. கொள்முதல் ஆணையில் ‘வைரஸ் செயலிழக்காத வகை’ என்று ஒரு வரி சேர்க்காமல் விட்டால் விலை குறைந்த குழாய் வந்து இறங்கும். ஓராண்டு மாதிரி முழுவதும் வீண். இளஞ்சிவப்பு நிறமி சேர்த்த வி.டி.எம். மஞ்சளாக மாறியிருந்தாலோ கலங்கியிருந்தாலோ கொட்டிவிடுங்கள்.

குளிர்ச் சங்கிலியில் மூன்று பிழைகள் திரும்பத் திரும்ப வருகின்றன. எடுத்த மாதிரி 2 முதல் 8 டிகிரியில் 72 மணி நேரம் தாங்கும். அதற்குள் ஆய்வகம் சேராது என்று தெரிந்தால் மைனஸ் 70 அல்லது அதற்குக் கீழே வைக்க வேண்டும். இரண்டுக்கும் நடுவில் மைனஸ் 20 ஃப்ரீசரில் வைப்பதுதான் மிக மோசம். வீட்டு ஃபிரிட்ஜ் போலத் தானாகப் பனி உருக்கும் ஃப்ரீசரில் வெப்பம் ஏறி இறங்கும், ஒவ்வொரு ஏற்ற இறக்கத்திலும் வைரஸ் சாகும். ஆர்.எஸ்.வி. இதில் ஃப்ளூவைவிடவும் மென்மையானது. இரண்டாவது, அப்போதுதான் ஃப்ரீசரிலிருந்து எடுத்த ஐஸ் பேக்கைக் குழாயோடு ஒட்டி வைப்பது. குழாய் பாதி உறைந்து, ஆய்வகத்தில் உருகி, மீண்டும் உறையவைக்கப்படும். தடுப்பூசிப் பிரிவு செவிலியர்களுக்கு ஐஸ் பேக்கை வெளியே வைத்து, உள்ளே நீர் ஆடும்வரை காத்திருந்து கேரியரில் அடுக்கத் தெரியும். அவர்களிடமிருந்து மற்றவர்கள் கற்றுக்கொள்ளட்டும். மூன்றாவது, டிரை ஐஸ். அதிலிருந்து வரும் கார்பன் டை ஆக்ஸைடு, சரியாக மூடாத குழாய்க்குள் புகுந்தால் திரவம் அமிலமாகும். ஃப்ளூ வைரஸ் அமிலத்தில் செயலிழக்கும். குழாய் மூடியை இறுக்கி, பாராஃபிலிம் என்ற மெழுகுத் தாளைச் சுற்ற வேண்டும். அதே சமயம் வெளிப்பெட்டியைக் காற்றுப் புகாமல் ஒட்டவும் கூடாது, வாயு சேர்ந்து பெட்டி வெடிக்கும்.

லேபிள் பற்றி ஒரே வரி: பால்பாயின்ட் பேனாவில் எழுதியது ஐஸ் நீரில் அழியும், முன்கூட்டி அச்சிட்ட ஸ்டிக்கர் ஒட்டுங்கள்.

ஆய்வகத்துக்கு வருவோம். ஒவ்வொரு மாதிரியிலும் ஆர்.என்.ஏஸ். பி என்ற மனித மரபணுவையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். அது வரவில்லை என்றால் ஸ்வாப்பில் செல்லே இல்லை என்று பொருள். அந்த முடிவு ‘நெகட்டிவ்’ அல்ல, ‘செல்லாத மாதிரி’. இப்படிச் செல்லாதவை எந்த மையத்திலிருந்து அதிகம் வருகின்றன என்று மாதம் ஒருமுறை பார்த்தால் யாருக்கு மறுபயிற்சி வேண்டும் என்பது தானாகத் தெரியும்.

ஏ வகை பாசிட்டிவ் என்றால் அதோடு நிறுத்தக் கூடாது, எச்1பிடிஎம்09 (2009 பெருந்தொற்றில் வந்த எச்1என்1), எச்3 என்று பிரித்தாக வேண்டும். பி வகை என்றால் அதன் இரு கிளைகளில் விக்டோரியாவா, யமகட்டாவா என்று பார்க்க வேண்டும். ‘யமகட்டாதான் காணாமல் போய்விட்டதே, இனி எதற்கு?’ என்று கேட்பவர்கள் உண்டு. 2020 மார்ச்சுக்குப் பிறகு இயற்கையாகப் பரவும் யமகட்டா உறுதியாகவில்லை என்று சொல்ல முடிந்ததும், 2023 செப்டம்பரில் உலக சுகாதார நிறுவனம் அதைத் தடுப்பூசியில் சேர்க்கத் தேவையில்லை என்று சொன்னதும், உலகம் முழுவதும் ஆய்வகங்கள் பி வகையை ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்த்துக்கொண்டே இருந்ததால்தான். இல்லாத ஒன்றை இல்லை என்று சொல்லவும் தேட வேண்டியிருக்கிறது.

ஏ வகை பாசிட்டிவ், சி.டி. (பி.சி.ஆரின் சுழற்சி எண், இது குறைந்தால் வைரஸ் அதிகம்) 35க்குக் கீழே, ஆனால் எச்1ம் இல்லை எச்3ம் இல்லை. இந்த ஒரு முடிவுக்காகத்தான் முழு அமைப்பும். பெரும்பாலும் அது பிரைமர் கோளாறாகவோ மாதிரிக் குழப்பமாகவோ இருக்கும். ஆனால் அது பறவைக் காய்ச்சலாகவும் இருக்கலாம். மறுசோதனை அன்றே, மாதிரி புனேக்கு மறுநாளே. மனிதரில் புதிய ஃப்ளூ துணைவகை கண்டால், சர்வதேச சுகாதார விதிகள் 2005இன்படி, மதிப்பிட்டதிலிருந்து 24 மணி நேரத்துக்குள் நாடு உலக சுகாதார நிறுவனத்துக்குத் தெரிவிக்க வேண்டும். பெரியம்மை, இயற்கைப் போலியோ, சார்ஸ் ஆகியவற்றோடு சேர்த்து ஒரே ஒரு நோயாளி என்றாலும் அறிவிக்க வேண்டிய நான்கில் இது ஒன்று. ஞாயிற்றுக்கிழமை இரவு டெக்னீஷியன் யாருக்குப் போன் செய்ய வேண்டும் என்று சுவரில் எழுதி ஒட்டியிருக்க வேண்டும். பதவிப் பெயர் மட்டும் போதாது, எண்ணும் வேண்டும்.

இதில் நாமக்கல்லுக்குத் தனிப் பத்தி தேவை. நாட்டின் பெரிய முட்டைக் கோழிப் பகுதிகளில் ஒன்று நம்மிடம் இருக்கிறது. பக்கத்தில் கேரளத்தின் குட்டநாட்டு வாத்துகளில் 2014 தொடங்கிப் பலமுறை பறவைக் காய்ச்சல் வந்திருக்கிறது. ஒவ்வொரு முறையும் எல்லைச் சோதனைச் சாவடியில் வண்டிகளுக்கு மருந்து தெளிக்கிறோம். அது கால்நடைத் துறையின் வேலை, நன்றாகவே செய்கிறார்கள். மனிதர் பக்கம் செய்ய வேண்டியது வேறு. நாமக்கல், ஈரோடு, திருப்பூர் மாவட்ட மருத்துவமனைகளில் சுவாசத் தொற்றோடு சேர்பவர்களிடம் ‘கோழிப்பண்ணையில் வேலையா, பத்து நாளுக்குள் கோழி செத்ததா’ என்று கேட்கும் கட்டம் படிவத்தில் இருக்க வேண்டும். அமெரிக்காவில் 2024 மார்ச்சில் கறவை மாடுகளில் எச்5என்1 கண்டறியப்பட்ட பிறகு, பால்பண்ணைத் தொழிலாளர் பலருக்கு இருமலோ கடும் காய்ச்சலோ இல்லை, கண் சிவந்ததுதான் முக்கிய அறிகுறி. நம் வரையறையில் அவர்கள் ஒருவர்கூட விழமாட்டார்கள். பறவையோடு தொடர்புள்ள தொழிலாளிக்குக் கண் சிவந்தால் கண்ணிலும் ஒரு ஸ்வாப் எடுக்க வேண்டும் என்பதை எழுத்தில் தாருங்கள். பறவைகளில் பாசிட்டிவ் என்று போபால் ஆய்வகம் சொன்னதும் கால்நடைத் துறையிலிருந்து நேராக மாவட்ட சுகாதார அலுவலருக்குத் தகவல் போக வேண்டும். கோப்பு வழியாகப் போனால் அழிப்புப் பணி முடிந்த பிறகே சுகாதாரத் துறைக்குத் தெரியவரும்.

பாசிட்டிவ்களில் எவற்றைப் புனேக்கு அனுப்புவது? சி.டி. 30க்குக் கீழ் உள்ளவற்றில் பருவத்தின் தொடக்கம், நடு, முடிவு மூன்றிலிருந்தும், எல்லா வயதிலிருந்தும், எல்லா மையத்திலிருந்தும் சில. இறந்தவர்கள், தடுப்பூசி போட்டும் நோய்ப்பட்டவர்கள், ஃப்ளூ மருந்தான ஓசல்டாமிவிர் கொடுத்தும் குணமாகாதவர்கள், விடுதி அல்லது பள்ளியில் ஒரே சமயத்தில் படுத்தவர்கள் ஆகியோரின் மாதிரிகள் கட்டாயம். மூலமாதிரியில் ஒரு பங்கைத் தொடாமல் மைனஸ் 80இல் வைக்க வேண்டும். மரபணு வரிசை இருக்கிறதே, அது போதாதா என்று கேட்கப்படுகிறது. போதாது. வரிசையைப் பார்த்து வைரஸ் மாறியதைச் சொல்லலாம்; நோய் எதிர்ப்புச் சக்தியிடமிருந்து தப்புகிறதா என்பதை உறுதிசெய்ய உயிருள்ள வைரஸ் வேண்டும். முட்டையில் தயாரிக்கும் தடுப்பூசிக்கான விதை வைரஸை, சாதாரண ஆய்வக செல்லில் வளர்ந்ததிலிருந்து எடுக்க விதிகள் அனுமதிப்பதில்லை. மூலமாதிரியை நேராக முட்டையில் செலுத்தித்தான் எடுப்பார்கள். மொத்தத்தையும் பி.சி.ஆருக்கே செலவழித்துவிட்டால் அந்த வழி அடைந்துவிடும். தேனாம்பேட்டையில் செய்யும் வரிசைகளை உடனுக்குடன் கிசெய்ட் என்ற உலக மரபணுத் தரவுத்தளத்தில் ஏற்றினால் அது தனி உதவி. ஒன்று மற்றொன்றுக்கு மாற்றாகாது.

நம் மாதிரியை ஏன் வெளிநாட்டுக்குத் தர வேண்டும் என்ற கேள்வி நியாயமானது. 2007இல் இந்தோனேசியா இதைக் கேட்டுத்தான் எச்5என்1 மாதிரிகளைத் தருவதை நிறுத்தியது: வைரஸ் எங்களுடையது, அதிலிருந்து செய்த தடுப்பூசி எங்களுக்கு எட்டாத விலையில். அந்தச் சண்டையின் விளைவாக 2011இல் ஓர் உலக ஒப்பந்தம் வந்தது. பெருந்தொற்று அபாயமுள்ள ஃப்ளூ மாதிரிகளுக்கு ஈடாகத் தடுப்பூசி, மருந்து, சோதனைக் கருவி நிறுவனங்கள் ஆண்டுக்கு ஏறக்குறைய 2.8 கோடி டாலர் தருகின்றன. பெருந்தொற்று வந்தால் தடுப்பூசியில் ஒரு பங்கைத் தரவும் தடுப்பூசி நிறுவனங்கள் ஒப்புக்கொள்கின்றன. பருவகால ஃப்ளூ இந்த ஒப்பந்தத்துக்குள் வராது. அந்தக் குறையைப் பேசலாம், பேச வேண்டும். ஆனால் மாதிரியே கையில் இல்லாத மாநிலம் எதை வைத்துப் பேரம் பேசும்?

கடைசியாக, வெளியீடு. வாரம் ஒரு பக்கம், ஒரே கிழமையில். திங்கள் முதல் ஞாயிறு வரையான வாரத்துக்கு மையம் வாரியாகச் சோதித்தவர்கள், பாசிட்டிவ் விகிதம், ஏ வகையின் துணைவகைகள், பி, ஆர்.எஸ்.வி., கோவிட், தீவிர சிகிச்சையில் இருந்தவர்கள், போன ஆண்டு இதே வாரத்தின் கோடு. சோதனை நடக்காத வாரம் என்றால் ‘நடக்கவில்லை’ என்றே போடுங்கள். சுழியம் என்று போட்டால் பின்னால் படிப்பவர் நோய் இல்லை என்று நினைத்துவிடுவார். இலங்கையின் நோய்ப்பரவலியல் பிரிவு பல்லாண்டாக வாராந்திர அறிக்கை வெளியிட்டுவருகிறது. சென்னையிலிருந்து ஒன்றரை மணி நேர விமானத் தூரத்தில் உள்ள கொழும்பில் பொதுவாக ஆண்டுக்கு இரண்டு உச்சங்கள், நடுவாண்டில் ஒன்று, ஆண்டு இறுதியை ஒட்டி ஒன்று. அவர்களின் நடுவாண்டு உச்சத்தில் எந்தத் துணைவகை ஓங்கியிருக்கிறது என்று பார்த்தாலே நம் அக்டோபருக்கு ஒரு முன்குறிப்பு கிடைக்கலாம். நம் எண்ணும் வெளியே இருந்தால் அவர்களுக்கும் அப்படியே.

எண்ணை வெளியிட்டால் பீதி வரும் என்ற தயக்கத்தை மதிக்கிறோம், ஆனால் ஏற்கவில்லை. எப்போதாவது ஒருமுறை, அதுவும் இறப்புக்குப் பிறகு வெளிவரும் எண்தான் பீதி கிளப்பும். வியாழன்தோறும் வரும் எண்ணைக் காய்கறி விலை போல மக்கள் பார்த்துவிட்டுப் போவார்கள். தனியார் மருத்துவர்களுக்கும் இது உதவும். நம் கடைகளில் ஏப்ரல், மே வாக்கில் தென்கோளத் தடுப்பூசியும் செப்டம்பருக்குப் பின் வடகோளத் தடுப்பூசியும் கிடைக்கின்றன. முதியோருக்கும் கர்ப்பிணிகளுக்கும் எதை, எப்போது போடுவது என்ற கேள்விக்கு விடை, நம் மாநிலத்தில் வாரந்தோறும் எந்த வைரஸ் ஓடுகிறது என்பதில்தான் இருக்கிறது. இப்போது ஆளுக்கொரு ஊகம்.

இந்த ஆண்டுப் பருவத்துக்கு, செப்டம்பர் முதல் வாரத்துக்குள் ஐந்து மையங்களிலும் சில விஷயங்களைச் சரிபார்க்கக் கேட்டுக்கொள்கிறோம். ஸ்வாப், வி.டி.எம். இரண்டின் காலாவதி தேதி. துணைவகை கிட் குறைந்தது நான்கு மாதத்துக்கு. மைனஸ் 80 ஃப்ரீசரின் அலாரம் யார் கைபேசிக்குப் போகிறது, மின்வெட்டில் ஜெனரேட்டர் அந்த இணைப்பைத் தாங்குகிறதா. புனேக்குப் போகும் கூரியர் டிரை ஐஸ் ஏற்க எழுத்தில் ஒப்புக்கொண்டதா. தீபாவளி நம் உச்சப் பருவத்தின் நடுவில் வருகிறது. அந்த வாரம் யார் ஸ்வாப் எடுப்பார், யார் வண்டி கொண்டுவருவார், ஃப்ரீசர் அறைச் சாவி யாரிடம் என்பதைப் பெயரோடு பணிப்பட்டியலில் இப்போதே போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
சுவாச வைரஸ் ஆய்வகங்களிலும் நோய்ப்பரவல் கண்காணிப்பிலும் பணிபுரிவோர்